கற்பனை மலைத்தொடர் ஒன்றை அடிவாரத்திலிருந்து கட்டுவது எப்படி: ஒரு கொடைக்கானல்காரனின் முழு வழிகாட்டி

மாயாஜாலக் கதை எழுதுகிறவர்கள், நண்பர்களோடு உட்கார்ந்து கதை விளையாட்டு நடத்துகிறவர்கள், சும்மா பொழுதுபோகாமல் வரைபடம் போடுகிறவர்கள், எல்லாருக்கும் சேர்த்துத்தான் இது. நான் முதன்முதலாகப் போட்ட கற்பனை மலையை இன்னும் வைத்திருக்கிறேன். ரம்பப் பல் மாதிரி வரிசையாக முக்கோணங்கள், எல்லா முக்கோணத்துக்கும் வெள்ளைத் தொப்பி, நடுவில் ஒரு ஏரி, ஏரியிலிருந்து நாலு பக்கமும் நாலு ஆறு, கூடவே ஒரு டிராகன் குகை. பெருமையாக பூம்பாறைப் பெரியப்பாவிடம் காட்டினேன். அவர் பூண்டு போடுகிறவர், கதைப் புத்தகம் எதுவும் படித்தவரில்லை. கண்ணாடியை இறக்கிவிட்டு ஒரு நிமிஷம் பார்த்தார். "ஏம்ப்பா, இந்த ஆறு மேட்டுல ஏறிப் போகுதே, மோட்டார் வச்சிருக்கியா?" என்றார்.

அன்றைக்கு வந்த வெட்கத்தில்தான் ஒழுங்காகக் கற்றுக்கொள்ள ஆரம்பித்தேன். கற்றுக்கொண்டதில் பாதி என் வீட்டு வாசலிலேயே கிடந்தது. பழனி மலையும் நீலகிரியும் இருக்கும்போது நாம் ஏன் படத்தில் பார்த்த பனிமலையைக் காப்பி அடிக்கிறோம் என்பது எனக்கு இன்றுவரை விளங்காத விஷயம்.

இன்னொன்று, நம்மிடம் இதற்கான முறை ஏற்கெனவே இருக்கிறது. பள்ளிக்கூடத்தில் மனப்பாடம் செய்து மறந்த திணை இலக்கணத்தைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். முதற்பொருள் என்றால் நிலமும் பொழுதும். கருப்பொருள் என்றால் அந்த நிலத்தில் பிறக்கிற தெய்வம், விலங்கு, பறவை, மரம், உணவு, பறை, தொழில் எல்லாம். உரிப்பொருள் மனிதர்களின் மனசு. வரிசையைக் கவனியுங்கள். நிலமும் பொழுதும் முதலில், மிருகம் அப்புறம், கதை கடைசியில். நாம் எல்லாரும் டிராகனில் ஆரம்பிக்கிறோம், அங்கேதான் சறுக்குகிறது.

இந்த வழிகாட்டி முழுக்க ஒரே ஒரு மலையைக் கட்டுவோம். பெயர் மஞ்சுவரை. மஞ்சு என்றால் மேகம், வரை என்றால் மலை. கட்டம் போட்ட தாள் ஒன்று, பென்சில், நல்ல அழிப்பான். பேனா வேண்டாம், நிறைய அழிப்பீர்கள்.

படி 1: மலைக்கு ஒரு வயசு கொடுங்கள்

கூரான முகடு இளைய மலைக்கு, உருண்ட முகடு கிழ மலைக்கு. இமயமலை சுமார் 5 கோடி ஆண்டுகளுக்கு முன் நிலத்தட்டுகள் மோத ஆரம்பித்ததில் எழும்பியது, இன்னும் எழும்பிக்கொண்டிருக்கிறது, அதனால்தான் அந்தக் கூர்மை. நீலகிரியின் பாறை 250 கோடி ஆண்டு அளவில் பழையது. சார்னகைட் என்று பெயர், சென்னையில் பல்லாவரம் பக்கம் கிடைக்கிற அதே வகைக் கல். (கல்கத்தாவில் ஜாப் சார்னாக் என்பவரின் கல்லறைக்கு இங்கிருந்து போன கல்லை வைத்துத்தான் அந்தப் பெயரே வந்தது. ஒரு கல்லறையால் பெயர் பெற்ற பாறை என்பதே ஒரு கதைக்கு ஆகும்.) பாறை பழசு என்பதும் மலை எழும்பிய காலமும் வேறு வேறு விஷயம், அதைக் குழப்பிக்கொள்ள வேண்டாம். ஆனால் ரொம்ப காலம் மழையும் வெயிலும் தின்ற மலை எப்படி இருக்கும் என்று தெரிய ஊட்டிக்குப் போய் நின்றால் போதும். மேலே ஏறியதும் உச்சி வருவதில்லை, ஒரு மேட்டுநிலம் வருகிறது. அலை அலையாகப் புல் மேடுகள். ஓரத்துக்குப் போனால்தான் திடீரென்று தரை காணாமல் போகும். கொடைக்கானலும் அப்படித்தான், தென்பக்கம் தூண் பாறை நெடுகச் செங்குத்தான விளிம்பு, வடபக்கம் கொஞ்சம் கொஞ்சமாகப் பழனியை நோக்கி இறக்கம்.

இதைத் தாளில் எப்படிக் கொண்டுவருவது? முக்கோணம் வரையாதீர்கள். ஒரு கோணலான வட்டம் வரையுங்கள், அதுதான் மேட்டுநிலத்தின் விளிம்பு. ஒரு பக்கம் சம உயரக் கோடுகளை (ஒரே உயரத்தில் இருக்கிற இடங்களை இணைக்கிற கோடுகள்) நெருக்கி வரையுங்கள், அது செங்குத்து; மறுபக்கம் விட்டு விட்டு, அது மெதுவான இறக்கம். மஞ்சுவரைக்கு நான் வைத்தது: வடக்குத் தெற்காக 80 கிலோமீட்டர் நீளம், 35 கிலோமீட்டர் அகலம், மேட்டுநிலம் 2,000 மீட்டரில், மிக உயர்ந்த மேடு 2,650 மீட்டர். தொட்டபெட்டா 2,637, ஆனைமுடி 2,695. நடுவில் ஒன்றைச் செருகினேன், அவ்வளவுதான்.

வெள்ளைத் தொப்பி வேண்டுமே என்பவர்களுக்கு: நம் அட்சரேகையில் ஆண்டு முழுக்கப் பனி நிற்க ஏறக்குறைய 5,000 மீட்டர் வேண்டும். அவ்வளவு உயரம் வைத்தால் அந்த மலையின் மழையும் ஆறும் கதையும் எல்லாமே வேறு. வெறும் அழகுக்காக வைக்காதீர்கள்.

படி 2: காற்று எந்தப் பக்கமிருந்து வருகிறது?

வரைபடத்தில் ஒரு பெரிய அம்புக்குறி போடுங்கள். இந்த ஒரு அம்பு மலையின் பாதி விதியை எழுதிவிடும். கடலிலிருந்து வரும் ஈரக்காற்று மலையில் மோதும், மேலே ஏறும், ஏற ஏறக் குளிரும், குளிர்ந்தால் நீரைக் கொட்டும். மறுபக்கம் இறங்கும்போது காய்ந்து போயிருக்கும்.

நீலகிரியில் இதை ஒரே நாளில் பார்த்துவிடலாம். தென்மேற்குப் பருவக்காற்று மோதுகிற மேற்குப் பக்கம், கூடலூர், தேவாலா, அவலாஞ்சி எல்லாம் ஜூன் தொடங்கினால் நனைந்துகொண்டே கிடக்கும். 2019 ஆகஸ்டில் அவலாஞ்சியில் ஒரே நாளில் 90 சென்டிமீட்டருக்கு மேல் கொட்டியது. தமிழ்நாட்டில் எத்தனையோ ஊர்களுக்கு அது ஒரு வருஷத்து மழை. அதே மலையில் ஊட்டியிலிருந்து கல்லட்டி வழியாக 36 கொண்டை ஊசி வளைவு இறங்கி மசினகுடிக்கு வந்தால் ஸ்வெட்டரைக் கழற்ற வேண்டியிருக்கும், சுற்றிலும் முள்மரம், மழை மறைவுப் பகுதி. இடையில் இருப்பது சுமார் முப்பது கிலோமீட்டர்தான். குன்னூர், கோத்தகிரி பக்கம் போனால் கதை மறுபடி மாறும், அங்கே ஐப்பசி கார்த்திகையில் வடகிழக்குப் பருவமழை வந்து அடிக்கும். பழனி மலைக்கும் அந்த மழைதான் பெரிய மழை, ஏனென்றால் மேற்கிலிருந்து வருவதை ஆனைமலை முன்னாலேயே நின்று வாங்கிக்கொள்கிறது.

மஞ்சுவரையில் நான் திசையைத் திருப்பிப் போட்டேன், கடல் கிழக்கே. ஆக கிழக்குச் சரிவு நனைந்த காடு, மேற்குச் சரிவு முள்காடு. இரண்டாவதாக மேற்கிலிருந்து இரண்டு மாதம் மட்டும் வீசும் ஒரு பலவீனமான காற்றையும் வைத்தேன். இரண்டு மழைக்காலம் இருந்தால் ஒரே மலையில் ஒரு பக்கம் அறுவடை, மறுபக்கம் விதைப்பு என்று வரும், அங்கிருந்து வியாபாரமும் சண்டையும் தானாக வரும்.

படி 3: தண்ணீரைக் கீழே இறக்குங்கள்

பெரியப்பா கேட்ட கேள்வி இதுதான். ஆறு மேட்டில் ஏறாது. ஓடைகள் ஒன்று சேரும், கீழே போகப் போகப் பிரியாது (கடலோரக் கழிமுகம் தவிர). ஒரு ஏரிக்குப் பொதுவாக ஒரே வழிதான் வெளியேற. முகட்டுக் கோட்டை முதலில் வரைந்துவிட்டு, அதற்கு இந்தப் பக்கம் விழும் மழை ஒரு ஆற்றுக்கு, அந்தப் பக்கம் விழுவது இன்னொரு ஆற்றுக்கு என்று பங்கு போடுங்கள். பழனி மலையில் வடக்கே இறங்குகிற சண்முகாநதி, நங்காஞ்சி, குடவனாறு எல்லாம் அமராவதியோடு சேர்ந்து காவிரிக்குப் போகின்றன. தெற்கே இறங்குகிற மஞ்சளாறும் வராகநதியும் வைகைக்கு. ஒரே மேகம், பக்கத்துப் பக்கத்துப் பாறையில் விழுந்த இரண்டு துளி, ஒன்று தஞ்சாவூர் நெல்லுக்கு, ஒன்று மதுரைக்கு.

விதியை மீறுகிற மாதிரித் தெரிகிற ஆறு ஒன்று இருந்தால் வரைபடம் உயிர் பெறும். பவானியைப் பாருங்கள். நீலகிரியின் தென்மேற்கு மூலையில் பிறந்து, கேரளத்துக்குள் அட்டப்பாடிக்குப் போய், அங்கே மனசு மாறின மாதிரித் திரும்பிக் கிழக்கே வந்து காவிரியில் சேர்கிறது. மேட்டில் ஏறவில்லை, பள்ளம் இருந்த பக்கம் போயிருக்கிறது.

அப்புறம் அந்த மலையுச்சி ஏரி. ஊட்டி ஏரியும் கொடைக்கானல் ஏரியும் மனிதர்கள் வெட்டியவை. முதலாவது 1820களில், இரண்டாவது 1863ல். நம் மலைகளில் இயற்கையாக மேலே இருப்பது சதுப்பு. புல்வெளிக்கு நடுவே பள்ளத்தில் கறுப்பு மண், காலை வைத்தால் பஞ்சு மாதிரி அமுங்கும், கோடையிலும் அங்கிருந்து தண்ணீர் கசிந்துகொண்டே இருக்கும். ஏரியைவிடச் சதுப்பு கதைக்கு எவ்வளவோ மேல். ஏரியில் படகுதான் விடலாம், சதுப்பில் ஒரு படையையே தொலைக்கலாம்.

படி 4: உயரத்துக்கு உயரம் வெப்பத்தைக் குறியுங்கள்

1,000 மீட்டர் ஏறினால் சுமார் 6.5 டிகிரி குறையும். மேட்டுப்பாளையத்திலிருந்து ஊட்டி ஏறத்தாழ 1,900 மீட்டர் உயரம், ஆக 12 டிகிரி வித்தியாசம். இந்தக் கணக்கை வைத்து மலையைப் பட்டை பட்டையாகப் பிரித்துக்கொள்ளுங்கள். அடியில் முள்காடும் உசிலும் வேலும். அதற்கு மேல் இலையுதிர் காடு, மூங்கில், தேக்கு, வேங்கை. அதற்கு மேல் ஈரம் உள்ள பக்கத்தில் பசுமை மாறாக் காடு, நம் ஊரில் தாண்டிக்குடி மாதிரிக் காபியும் மிளகும் மலை வாழையும் விளைகிற உயரம். 1,800க்கு மேல் சோலையும் புல்வெளியும். பட்டைகள் இரண்டு பக்கமும் ஒரே உயரத்தில் இருக்கக் கூடாது, காய்ந்த பக்கத்தில் முள்காடு இன்னும் மேலே ஏறி வரும். இதைச் சரியாகச் செய்தால் உங்கள் பயணிகள் ஏறும்போது ஒவ்வொரு மணி நேரமும் வேறு வாசனை வரும்.

படி 5: உச்சியில் என்ன வளர்கிறது (இங்கே அவசரப்படாதீர்கள்)

பெரும்பாலான கற்பனை மலைகளில் காடு, காட்டுக்கு மேல் மொட்டைப் பாறை, முடிந்தது. நம் மலைகள் அப்படி இல்லை என்பதுதான் நமக்குக் கிடைத்த லாபம். மேட்டுநிலத்தில் புல்வெளி பரந்து கிடக்கும், மேடுகளின் மடிப்பில், ஓடை இறங்குகிற பள்ளங்களில் மட்டும் சோலை. யாரோ கத்தரித்து ஒட்டின மாதிரி எல்லை. புல்லில் நிற்கிறீர்கள், நாலு எட்டு வைத்தால் இருட்டு, ஈரம், கிளையெல்லாம் பாசி, மரத்தில் தொங்கும் ஆர்க்கிட்கள், ஓடை ஓரம் ஆள் உயரத்துக்கு மேல் மரப்பெரணி. மரங்கள் வானத்தைத் தொடுவதில்லை, காற்றுக்குப் பயந்து குனிந்து, தலையை ஒன்றோடொன்று கோத்துக்கொண்டு குடை மாதிரி நிற்கும். காட்டுச் செண்பகம், நாவல் இனங்கள், உருத்திராட்சத்துக்குச் சொந்தக்கார மரங்கள். தளிர் விடுகிற மாதத்தில் அந்தக் குடை சிவப்பும் ஊதாவுமாக மாறும், தூரத்திலிருந்து பார்க்கிறவர்கள் பூத்திருக்கிறது என்று நினைத்துக்கொள்வார்கள்.

ஏன் மரம் புல்வெளிக்குள் வராது? மார்கழி தை மாதங்களில் இரவு வானம் தெளிந்திருந்தால் திறந்த புல்லில் உறைபனி படியும், விடிந்து பார்த்தால் உப்பு கொட்டின மாதிரி இருக்கும். சோலைக் குடைக்கு அடியில் அது படியாது. புல்வெளியில் முளைத்த சோலை மரக் கன்று அந்தப் பனியில் கருகும், தப்பினால் கோடையில் தீ வரும். புல்லுக்கு இரண்டும் பழக்கம், அடியிலிருந்து மறுபடி துளிர்க்கும். பனியும் தீயும் தாங்கிப் புல்லுக்கு நடுவே தனியாக நிற்கத் துணிந்த மரம் ஒன்று உண்டு, செக்கச்செவேல் என்று பூக்கும் ரோடோடெண்ட்ரான். அதன் உறவுக்கூட்டம் இருப்பது இமயமலையில், நடுவில் இரண்டாயிரம் கிலோமீட்டர் சமவெளி.

உங்கள் மலைக்கு இதே மாதிரி ஒரு எல்லைப் போராட்டம் கொடுங்கள். இரண்டு வகை நிலம், அவற்றைப் பிரித்து வைக்கிற ஒரு காரணம். மஞ்சுவரையில் எனக்குப் பனி போதவில்லை, உப்புக் காற்றை வைத்தேன். கிழக்குக் கடலிலிருந்து வருஷத்தில் சில நாள் வரும் புயல் உப்பைத் தூவிவிட்டுப் போகும், மேட்டில் நிற்கும் மரம் கருகும், பள்ளத்தில் இருப்பது பிழைக்கும். புயல் வராத இருபது வருஷம் வந்தால் சோலை மேட்டில் ஏறும். அந்த இருபது வருஷத்துக்குள் எருமை மேய்க்கிறவர்களின் நிலம் சுருங்கும். கதை எங்கே இருக்கிறது என்று தெரிகிறதா?

இங்கே ஒரு துக்கமான துணைக்குறிப்பு. வெளியிலிருந்து வந்தவர்கள் விறகுக்கும் தோல் பதனிடவும் ஆலைக்கும் என்று நட்ட சீகை மரம் (வாட்டில்), கற்பூர மரம் (யூகலிப்டஸ்), பைன் எல்லாம் சேர்ந்து இருநூறு வருஷத்துக்குள் நம் புல்வெளியில் பெரும்பகுதியை விழுங்கிவிட்டன. நான் சின்னப் பிள்ளையில் உருண்டு விளையாடிய ஒரு மேடு இப்போது சீகைக் காடு. வேடிக்கை என்னவென்றால் அந்தச் சீகை நிழலில் சில இடங்களில் சோலைக் கன்றுகள் முளைக்கின்றன. ஆக வில்லன் என்று ஒரே வார்த்தையில் முடிக்கவும் முடியாது. உங்கள் கற்பனை நாட்டைப் பிடித்த பேரரசு வாளோடு ஒரு மரத்தையும் கொண்டுவரட்டும்.

படி 6: ஒரு கணவாயை வெட்டுங்கள், உயிர்கள் தானாகப் பிரியும்

எனக்கு மிகவும் பிடித்த படி இது. நீலகிரிக்கும் தெற்கே ஆனைமலை, பழனி மலைகளுக்கும் நடுவே பாலக்காட்டுக் கணவாய், சுமார் 30 கிலோமீட்டர் அகலம். வரைபடத்தில் ஒன்றும் பெரிதாகத் தெரியாது. ஆனால் சோலையின் இருட்டிலும் குளிரிலும் மட்டுமே வாழத் தெரிந்த ஒரு சிறு குருவிக்கு அந்த வெயில் சமவெளி, நமக்குக் கடல் மாதிரி. லட்சக்கணக்கான ஆண்டுகள் அந்தப் பக்கம் ஒன்று, இந்தப் பக்கம் ஒன்று என்று பிரிந்து கிடந்ததில் இரண்டும் வேறு வேறு இனமாகிவிட்டன. சிரிப்பான் என்ற பறவையில் நீலகிரிக்கு ஒரு இனம், பழனி மலைக்கு ஒரு இனம். சோலைக்குள் தரையோடு தத்தித் திரியும் நீலக்குருவியிலும் அப்படியே, கணவாய்க்கு வடக்கே ஒன்று, தெற்கே ஒன்று. இவற்றின் மரபணுவைப் பார்த்த அறிவியலாளர்கள் 2017ல் இவற்றுக்கென்று தனிப் பேரினமே வைத்தார்கள், நீலக்குருவிகளுக்கு வைத்த பேரினப் பெயரில் 'சோலை' என்ற நம் சொல்லே இருக்கிறது. வானத்தில் மிதக்கும் தீவுகள் என்று இந்த உச்சிகளைச் சொல்வார்கள், வெறும் உவமை இல்லை அது.

எனவே செய்ய வேண்டியது: மலைத்தொடரை ஒரே துண்டாக வைக்காதீர்கள். எங்காவது ஒரு இடத்தில் 30, 40 கிலோமீட்டருக்கு அறுத்துவிடுங்கள். பிறகு உங்கள் உயிர்ப் பட்டியலை எடுத்து ஒவ்வொன்றையும் கேளுங்கள், இது கணவாயைத் தாண்டுமா? யானை தாண்டும். பருந்து தாண்டும். கீழே போகவே போகாத பறவை, தவளை, நத்தை தாண்டாது. தாண்டாதவை எல்லாம் இரண்டு பெயர் பெறும், இரண்டு நிறம், இரண்டு பாட்டு. மஞ்சுவரையில் வடதுண்டில் இருக்கிற மாலைக்குருவி மூன்று சுரத்தில் கூவும், தென்துண்டில் இருப்பது நாலு சுரத்தில். வடக்கே பிறந்து தெற்கே கட்டிக்கொடுக்கப்பட்ட பெண் ஒருத்தி சாயங்காலம் அந்த நாலாவது சுரத்தைக் கேட்கும்போதெல்லாம் ஊர் ஞாபகம் வந்து அழுகிறாள். உரிப்பொருள் என்றால் இதுதான் என்று நினைக்கிறேன், வாத்தியார் சொன்னபோது விளங்கவில்லை.

படி 7: இப்போது டிராகனைக் கொண்டுவாருங்கள்

கணக்கோடு. ஒரு புலிக்கு வருஷத்துக்கு மான் அளவு இரை சுமார் 50 வேண்டும். அந்த 50ஐ எடுத்தாலும் கூட்டம் குறையாமல் இருக்க, காட்டில் 500 இரை விலங்காவது இருக்க வேண்டும். உங்கள் டிராகன் 2 டன் என்று வையுங்கள், புலியைப் போலப் பத்து மடங்கு எடை. உடல் பெரிதானால் ஒரு கிலோவுக்குத் தேவைப்படும் தீனி குறையும் என்பதால் பத்து மடங்கு தின்னாது, ஐந்தரை மடங்கு போதும். வருஷத்துக்கு 280 மான், பின்னால் 2,800 மான் கொண்ட காடு. அது ஒரே ஒரு டிராகனுக்கு. வானம் நிறையப் பறக்கவிட்டால் ஒரு வருஷத்தில் மலை காலி.

தப்பிக்க ஒரு வழி உண்டு, பல்லி பாம்பு மாதிரி வெயிலில் உடம்பைச் சூடாக்கிக்கொள்கிற இனமாக வைப்பது. அவற்றுக்கு அதே எடையுள்ள பாலூட்டியின் தீனியில் பத்தில் ஒரு பங்கு அளவில் போதும், மலைப்பாம்பு ஒரு முறை விழுங்கிவிட்டு மாதக்கணக்கில் கிடக்கிறதே. மஞ்சுவரையின் முகில்நாகத்தை அப்படித்தான் வைத்தேன். வைத்ததும் மற்றதெல்லாம் தானாக விழுந்தது. காலை வெயில் முதலில் படுகிற கிழக்கு விளிம்புப் பாறையில்தான் அது தங்க முடியும். மூடுபனி மூன்று நாள் நின்றால் அது அசையாது. குளிர்காலத்தில் மேட்டுநிலத்தை விட்டு மேற்குச் சரிவின் வெக்கைக்கு இறங்கிவிடும், அங்கேதான் ஆட்டுக்காரர்கள் இருக்கிறார்கள். நாகத்தைக் கொல்ல மந்திரவாள் வேண்டாம், மழைக்காலத்து விடியற்காலையில் தைரியமும் கயிறும் இருந்தால் போதும். பயங்கரம் குறைந்துவிட்டதே என்று ஒரு நண்பன் சொன்னான். எனக்கு அப்படித் தோன்றவில்லை.

சின்ன உயிர்களுக்கும் நேரம் செலவழியுங்கள். செங்குத்துப் பாறையில் நடக்கிற வரையாடு, இலை தின்னும் கருமந்தி, கூட்டமாக வேட்டையாடும் செந்நாய், விடியும் முன் யாரோ சோம்பேறி சீட்டி அடிக்கிற மாதிரிப் பாடும் சீகாரப் பூங்குருவி, இவை எல்லாவற்றுக்கும் உங்கள் உலகில் ஒரு சகோதரன் வேண்டும். நம் மேற்குத் தொடர்ச்சி மலையில் ஊதாத் தவளை என்று ஒன்று இருக்கிறது. வருஷம் முழுக்க மண்ணுக்கடியில் இருந்துவிட்டு, முதல் மழைக்குச் சில நாள் மட்டும் இணை தேடி மேலே வரும். அறிவியலுக்கு அது 2003ல்தான் முறையாக அறிமுகமானது, அதன் நெருங்கிய சொந்தம் இருப்பது இந்தியப் பெருங்கடலுக்கு நடுவே செஷல்ஸ் தீவுகளில். ஒரு காலத்தில் இந்த நிலங்கள் ஒட்டியிருந்ததற்கு அந்தக் குண்டுத் தவளை சாட்சி. இதை நான் கற்பனை செய்து எழுதியிருந்தால் ரொம்ப அளக்கிறான் என்பீர்கள்.

படி 8: மலைக்கு ஒரு நாட்காட்டி

நீலக்குறிஞ்சி 12 ஆண்டுக்கு ஒருமுறை பூக்கும். 2006, 2018, அடுத்து 2030. பூத்து, விதைத்து, செடி மொத்தமும் செத்துப்போகும். எல்லாச் செடியும் ஒன்றாகப் பூப்பதற்கு ஒரு விளக்கம், தின்னிகளால் தின்று தீர்க்க முடியாத அளவு விதையை ஒரே தடவையில் கொட்டிவிடுவது. குறிஞ்சி எத்தனை தடவை பூத்துப் பார்த்தேன் என்று வயசு சொல்கிற வழக்கம் மலைப் பழங்குடிகளிடம் இருந்திருக்கிறது. பெரியப்பா ஆறு குறிஞ்சி பார்த்தவர், அவருடைய ஆதார் அட்டையில் இருக்கிற பிறந்த தேதியைவிட எனக்கு இதில் நம்பிக்கை அதிகம்.

கற்பனையில் பூவை அழகுக்கு மட்டும் வைக்காதீர்கள், விளைவு வையுங்கள். மிசோரமில் ஒரு மூங்கில் சுமார் 48 ஆண்டுக்கு ஒருமுறை பூக்கும், விதையைத் தின்று எலி பெருகும், விதை தீர்ந்ததும் எலி வயலுக்கு வரும். 1959ல் அப்படி வந்த பஞ்சத்தில் நிவாரணத்துக்கென்று தொடங்கிய அமைப்பு அரசியல் இயக்கமாக மாறி 1966ல் ஆயுதக் கிளர்ச்சி வரை போனது. ஒரு பூ அரசாங்கத்தை ஆட்டியிருக்கிறது. மஞ்சுவரையில் நெடும்பூ 16 ஆண்டுக்கு ஒருமுறை. அந்த வருஷம் தேன் பெருகும், அடுத்த வருஷம் எலி, அதற்கு அடுத்த வருஷம் எலி தின்ன வரும் பாம்பு. அந்த மூன்றாவது வருஷத்தில் கல்யாணம் வைக்க மாட்டார்கள்.

படி 9: மனிதர்கள், அவர்கள் வைத்த பெயர்கள்

'மலைவாசிகள்' என்று ஒரே கூட்டத்தை வைப்பது சோம்பேறித்தனம். நீலகிரி ஒரு சின்ன மாவட்டம், அதற்குள் எருமையோடு புல்வெளியில் வாழ்ந்த தோடர், இரும்பு வேலையும் பானையும் இசையும் கைவந்த கோத்தர், விவசாயம் செய்த படுகர், காட்டுத் தேனும் மருந்தும் அறிந்த குறும்பர், கீழ்ச் சரிவுகளில் இருளர். நெய்க்குத் தானியம், தானியத்துக்கு அரிவாள், சாவு வீட்டுக்கு வாத்தியம் என்று ஒருவரோடொருவர் கொடுக்கல் வாங்கல். அண்ணாந்து பார்த்தால் ஒவ்வொரு கூட்டமும் ஏறக்குறைய ஒரு உயரத்துக்குச் சொந்தம். நான்காம் படியில் போட்ட பட்டைகள் இங்கே உதவும்.

பெயருக்கு மண்டையை உடைக்க வேண்டாம். தொட்டபெட்டா என்றால் படுகர் பேச்சில் பெரிய மலை, அவ்வளவுதான். ஹட்டி என்று முடிந்தால் படுகர் ஊர், மந்து என்று முடிந்தால் தோடர் இடம், ஹள்ளா என்றால் ஓடை. அவலாஞ்சி நிலச்சரிவுக்கு ஆங்கிலேயன் வைத்த சொல், நம் வாயில் புரண்டு ஊர்ப் பெயராகிவிட்டது. ஆகவே உங்கள் மலையில் மூன்று மொழிக்கு ஐந்தைந்து சொல் செய்யுங்கள்: மேடு, ஓடை, ஊர், பாறை, மேய்ச்சல். அவற்றைக் கலந்தாலே நூறு பெயர் கிடைக்கும், யார் எங்கே முதலில் வந்தார்கள் என்ற வரலாறும் அதிலேயே ஒளிந்திருக்கும். வாயில் நுழையாத எழுத்துகளை அடுக்கி ஒரு பெயர் வைக்கிறவர்களை எனக்குப் பிடிக்காது. மேய்க்கப் போகிறவன் மாட்டைத் தேடிக் கத்த முடியாத பெயர் மலையில் நிற்காது.

படி 10: நடந்து பாருங்கள்

கடைசிச் சோதனை. கும்பக்கரையிலிருந்து வெள்ளகவி வழியாக வட்டக்கானலுக்கு ஒரு பழைய நடைபாதை உண்டு, 1,500 மீட்டருக்கு மேல் ஏற்றம். சாலை வரும் முன் கொடைக்கானலுக்கு இந்தப் பக்கமாக நடந்தும் டோலியிலும்தான் ஏறியிருக்கிறார்கள். வெள்ளகவி நெடுங்காலம் சாலையே இல்லாத ஊர், ஊருக்குள் செருப்புப் போட மாட்டார்கள். நான் ஒருமுறை ஏறினேன். மணிக்கு 300 மீட்டர் ஏறினால் பெரிய விஷயம், மூட்டையோடு அதுவும் இல்லை, அட்டைக் கடி வேறு. உங்கள் கதாநாயகன் காலையில் அடிவாரத்தில் கஞ்சி குடித்துவிட்டு மதியம் உச்சியில் சண்டை போடுகிறான் என்றால், அவன் மூச்சு வாங்கிக்கொண்டே அடி வாங்குவான் என்று எழுதுங்கள்.

தாளில் ஒரு பாதை வரைந்து, ஒவ்வொரு 300 மீட்டர் உயரத்துக்கும் நிறுத்தி நாலு கேள்வி கேளுங்கள். இங்கே குடிக்கத் தண்ணீர் எங்கே? காலுக்கடியில் என்ன மண்? என்ன சத்தம் கேட்கிறது? இரவு எவ்வளவு குளிரும்? ஒன்றுக்குப் பதில் இல்லையென்றால் அந்த இடத்தில் முந்தைய படி எதையோ விட்டிருக்கிறீர்கள். நான் நடந்து பார்த்தபோது மேற்குச் சரிவில் 900 மீட்டரிலிருந்து 1,500 வரை ஒரு சுனைகூட இல்லை என்று தெரிந்தது. இரண்டு நாள் மண்டையைக் குடைந்து, பாறைப் பிளவில் ஒரு ஊற்று வைத்தேன், அதற்குக் காவல் ஒரு கிழவி. இப்போது முழுக் கதையும் அந்தக் கிழவியைச் சுற்றித்தான் போய்க்கொண்டிருக்கிறது.

போன வாரம் புது வரைபடத்தை எடுத்துக்கொண்டு பூம்பாறைக்குப் போனேன். பெரியப்பா ஆறுகளை ஒவ்வொன்றாக விரலால் தொட்டுக்கொண்டே கீழே வரை போனார். "தண்ணி சரியா இறங்குது" என்றார். எனக்குத் தலை கால் புரியவில்லை. அப்புறம் மேட்டுநிலத்தில் விரலை வைத்து நிறுத்தி, "சரிப்பா, இம்புட்டுப் பேரு மேல இருக்காங்களே, காட்டுல படி கட்டாம எங்க வெள்ளாம பண்றாங்க?" என்றார்.

படிக்கட்டு வயல்களை இப்போதுதான் வரைந்துகொண்டிருக்கிறேன், பென்சிலில்.